பெயர் வைக்குமுன் பொருள் பாருங்கள்!

வீட்டில் குழந்தை பிறந்துவிட்டால் போதும், ஆளுக்கொரு பெயரோடு வந்து நிற்பார்கள். மாமியார் குலதெய்வத்தின் பெயர் என்பார். நாத்தனார் நட்சத்திர எழுத்து என்பாள். குழந்தையின் அப்பாவோ கைப்பேசியைத் தட்டி, யாருக்குமே இல்லாத பெயராகத் தேடுவார். அந்தப் பெயருக்கு என்ன அர்த்தம், அது எங்கிருந்து வந்தது என்று மட்டும் யாரும் பார்ப்பதில்லை!

பெயர்ப் பட்டியல்களில் போட்டிருப்பதை அப்படியே நம்பிவிடக் கூடாது. 'சுதா' என்ற பெயரையே எடுத்துக்கொள்ளுங்களேன். வடமொழியில் ஒரு 'தா'வுக்கு அமுதம் என்று பொருள். இன்னொரு 'தா'வுக்கு மகள் என்று பொருள். தமிழில் இரண்டுக்கும் ஒரே எழுத்துதான். 'நிஷா' என்றால் வடமொழியில் இரவு. மெஹருன்னிசா போன்ற பெயர்களில் வரும் 'நிசா' அரபுச் சொல். பெண்கள் என்று அர்த்தம். 'அபர்ணா' என்றால் இலையைக்கூட உண்ணாமல் தவமிருந்த பார்வதி. கதை தெரிந்து வைத்தால் பெயருக்கே ஒரு தனி அழகு!

பழைய பெயரா, புதுப் பெயரா என்று மாமியாருக்கும் மருமகளுக்கும் மனஸ்தாபம் வருவதுண்டு. பாட்டனின் பெயரைத் தாங்குபவன் பெயரன். அதுதான் பேரன் ஆயிற்று. ஆகவே பெரியவர்களின் ஆசையில் நியாயம் உண்டு. எங்கள் திருச்சி மலைக்கோட்டையில் தாயுமானவரோடு இருக்கும் அம்மனின் பெயர் மட்டுவார்குழலி. மட்டு என்றால் தேன். வடமொழியில் அவளே சுகந்தி குந்தளாம்பிகை, மணமுள்ள கூந்தலை உடையவள். மட்டுவார்குழலி நீளமாக இருக்கிறதென்று மருமகள் தயங்கினால் 'சுகந்தி' என்று வைக்கலாமே! அம்மன் பெயரும் ஆச்சு, கூப்பிடவும் சுலபம். திருவெறும்பூர் அம்மன் நறுங்குழல் நாயகி. இதற்கும் அதே பொருள்தான்.

அர்த்தம் தெரிந்தே வைக்கிற கொடுமையும் உண்டு. அடுத்தடுத்துப் பெண்ணாகவே பிறந்தால் 'வேண்டாம்' என்றும் 'போதும்பொண்ணு' என்றும் பெயர் வைத்தார்கள். அடுத்தது ஆணாகப் பிறக்கும் என்று ஒரு நம்பிக்கை! பள்ளியில் ஆசிரியர் பெயர் கூப்பிடும் ஒவ்வொரு நாளும் அந்தப் பெண் என்ன பாடுபடுவாள்? தாய்மார்களே, பிள்ளையின் பெயரில் நம் ஏமாற்றத்தை ஏற்றலாமா?

சரி, எப்படிச் சரிபார்ப்பது?

* நூலகத்தில் சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதியைப் புரட்டுங்கள். 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது. சொல் எந்த மொழியிலிருந்து வந்தது என்பதையும் அதில் காட்டியிருப்பார்கள். இப்போது இணையத்திலும் பார்க்கலாம்.

* வேற்றுமொழிப் பெயர் என்றால் அந்த மொழி பேசுபவரிடம் கேளுங்கள். எங்கள் காட்டூர்ப் பக்கம் பெல் தொழிற்சாலை இருப்பதால் பல மொழிக்காரர்களும் இருக்கிறார்கள். உங்கள் தெருவிலும் ஒருவராவது இருப்பார்.

* பட்டியலில் 'இளவரசி', 'தேவதை' என்று மட்டும் போட்டு, எந்த மொழி என்று சொல்லாவிட்டால் சந்தேகப்படுங்கள்.

* பெயரை உரக்கக் கூப்பிட்டுப் பாருங்கள். சுருக்கிக் கூப்பிட்டால் விகாரமாக ஒலிக்கிறதா என்றும் கவனியுங்கள்.

அவசரம் வேண்டாம். பிறப்பை 21 நாளுக்குள் பதிவு செய்துவிட வேண்டும். பெயரை மட்டும் 12 மாதம் வரை கட்டணமின்றிச் சேர்க்கலாம். அதன்பின் 15 ஆண்டு வரை தாமதக் கட்டணம் உண்டு. பதிந்த பெயரை மாற்றுவதோ லேசான காரியமில்லை.

நகையும் பட்டும் பிறகு வாங்கிக் கொடுக்கலாம். ஆயுள் முழுதும் கூட வருவது பெயர்தான். நாளை உங்கள் மகள், "அம்மா, என் பேருக்கு என்ன அர்த்தம்?" என்று கேட்கும்போது சந்தோஷமாகச் சொல்லும்படி ஒரு பெயரை வையுங்கள்!