மு. இராமசாமியும் நிஜ நாடக இயக்கமும்

மதுரையிலிருந்து பரவையைத் தொட்டுச் சமயநல்லூர் வழியாகத் திண்டுக்கல் திசையில் செல்லும் சாலையில் அமைந்த காந்திகிராமத்தில், 1977-ஆம் ஆண்டு தேசிய நாடகப் பள்ளியின் துணையோடு நடந்த பயிற்சிப் பட்டறை, தமிழில் நவீன நாடகம் என்னும் பிரக்ஞைக்கு வித்திட்ட சம்பவங்களுள் பிரதானமானது.

மறு வருஷமே, 1978-இல், மதுரையில் 'நிஜ நாடக இயக்கம்' உதயமாயிற்று. அதனைத் தோற்றுவித்தவர் மு. இராமசாமி. சங்கரதாஸ் சுவாமிகளின் பாட்டு நாடகத்தில் ஊறிய மதுரையில், திரைச்சீலையும் ஜோடனையும் நீங்கிய வெட்டவெளியில், நடிகனின் சரீரத்தையும் குரலையுமே மூலதனமாகக் கொண்டு நாடகம் நிகழ்த்தத் துணிந்தது சாமானியமான காரியமன்று.

கிரேக்க மகாகவி சோபக்ளிஸின் 'அந்திகொனே'யை அவர் 'துர்க்கிர அவலம்' எனத் தமிழில் அரங்கேற்றியபோது, மதுரைச் சீமையின் தேவராட்ட அடவுகள் அந்தத் துயரக் கதைக்குள் புகுந்தன. அந்நிய தேசத்து அரசமகளின் சோகம் உறுமி ஒலிக்கும் மண்ணின் சோகமாகவே மாறிய அந்தச் சேர்க்கையே அவருடைய ஆக்கங்களில் தலையாயது என்பது எம் துணிபு.

தோல்பாவை நிழற்கூத்தை ஆராய்ந்தவரும், தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் நாடகம் போதித்தவருமான அவர், பிற்காலத்தில் 'ஜோக்கர்', 'கே.டி. என்கிற கருப்புதுரை' ஆகிய திரைப்படங்களிலும் நடித்தார்.