பட்டன் போனில் இருக்கும் நினைவு யாருடையது?

ஸ்ரீபெரும்புதூர் நோக்கியா ஆலை 2006-இல் உற்பத்தியைத் தொடங்கி, 2014 நவம்பர் 1 அன்று மூடப்பட்டது. சுங்குவார்சத்திரம் பக்கம் அறை எடுத்துத் தங்கி வேலைக்குப் போன ஒரு பெண், அன்றைய பட்டன் போனை இப்போது பீரோவிலிருந்து எடுக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். ஷிப்ட் பஸ், ஹாஸ்டல் சாம்பார், தோழியின் குரல் எல்லாம் ஏன் வரிசைகட்டி வருகின்றன?

போனுக்குள் நிஜமாகவே ஒரு நினைவு உண்டு. ஃபிளாஷ் சிப்பில், மின்கடத்தாப் படலத்துக்குள் அடைபட்ட எலக்ட்ரான்கள்தான் பழைய எஸ்.எம்.எஸ். மின்சாரம் இல்லாமலே பல ஆண்டுகள் நிற்கும். மிக மெதுவாகக் கசியவும் செய்யும்.

தோழியின் குரல் மட்டும் அந்தச் சிப்பில் இல்லை. அது மூளையில் சிதறிக் கிடக்கிறது: பார்த்தது ஓரிடம், கேட்டது வேறிடம், தொட்டது இன்னோரிடம். இவற்றை முடிச்சுப் போடுவது ஹிப்போகாம்பஸ். தேய்ந்த பொத்தானில் விரல் பட்டதும் ஒரு இழை இழுபட, மொத்தமும் எழுகிறது. வாசனைக்கு இன்னும் குறுக்குவழி. புலன் செய்திகளின் இடைநிலையமான தலாமஸைச் சுற்றாமலே, உணர்ச்சியோடு தொடர்புடைய அமிக்டலாவை எட்டிவிடும்.

என்னை மிகவும் வியக்கவைப்பது இதுதான்: மீட்டெடுத்த நினைவு சிறிது நேரம் நெகிழ்ந்து, புதிய புரதங்கள் உருவான பிறகே மறுபடி உறுதியாகிறது. 2000-இல் நரம்பியல் ஆய்வாளர் கரீம் நாடரும் சகாக்களும் எலிகளிடம் இதைக் காட்டினார்கள். அந்த இடைவெளியில் நினைவு மாறலாம். வேலை போன வருத்தம், அதற்கு முந்தைய சிரிப்பின் மீதும் படியலாம். தேதியோடு நிற்கும் எஸ்.எம்.எஸ். அப்படி மாறாது. ஆனால் மெல்லக் கசிவதால், அதைப் பத்திரப்படுத்துவது நல்லது. பேட்டரி உப்பியிருந்தால் சார்ஜ் போடாதீர்கள். வேறு பேட்டரி மாற்றி, செய்திகளை நோட்டில் எழுதிக்கொள்ளுங்கள்.