கொண்டைக் காடையின் ஒப்பனை அறை

சத்தம் போடாமல் வாருங்கள். கைபேசியை அணைத்துவிடுங்கள். ஒரு சிணுங்கல் கேட்டால் போதும், இங்கே இருக்கிற அத்தனை பேரும் ஓடிவிடுவார்கள். ஆமாம், ஓடித்தான்! பறப்பதெல்லாம் வேறு வழியே இல்லாதபோது.

இடம், கலிபோர்னியாவில் ஒரு மலைச்சரிவுப் புதர். நேரம், காலை வெயில் உறைக்கத் தொடங்குகிற வேளை. புதருக்கடியில் கலிபோர்னியக் காடைக் கூட்டம் ஒன்று பரபரத்துக்கொண்டிருக்கிறது. சேவல்களின் நெற்றிக்கு மேலே ஆளுக்கொரு கறுப்புக் காற்புள்ளி முன்பக்கம் சாய்ந்து தொங்குகிறது. ஓர் அடி வைத்தால் ஓர் ஆட்டம். அந்தக் கொண்டைக்காகத்தான் வந்திருக்கிறோம். 1942-இல் வந்த டிஸ்னியின் ‘பாம்பி’ படத்திலேயே குஞ்சுகளை வரிசையாக அழைத்துக்கொண்டு போன கொண்டை இது. முன்வாசல் வழியாக எல்லோரும் பார்த்தாயிற்று. நாம் கொல்லைப்புறமாக நுழைகிறோம்.

நம் ஊர்க் கடையில் வறுவலாகிற காடையை மனத்தில் வைத்துக்கொண்டு வந்தவர்கள் அதை வெளியிலேயே விட்டுவிடுங்கள். அது ஜப்பானியக் காடை. அதற்குக் கொண்டையே கிடையாது. இவர்கள் பெரும்பாலும் அமெரிக்கக் கண்டங்களிலேயே வாழ்கிற தனிக் குடும்பம்.

இப்போது கிட்டப் போய்ப் பாருங்கள். தூரத்தில் ஒற்றை இறகாகத் தெரிந்தது ஒன்றல்ல. ஆறு! கலிபோர்னியக் காடையின் கொண்டையில் பொதுவாக ஆறு இறகுகள். அடியில் குச்சிபோல ஒடுங்கி, நுனியில் அகன்று, ஒன்றின் மேல் ஒன்று படிந்து வளைந்திருக்கின்றன. காற்று பலமாக அடித்தால் அடுக்கு கொஞ்சம் கலைந்து, ரகசியம் வெளியே வந்துவிடும்.

இந்தக் கொண்டையை இவர்கள் எப்படிப் பராமரிக்கிறார்கள் என்பதுதான் எனக்கு இருந்த முதல் சந்தேகம். உடம்பு முழுக்க அலகால் கோதிக்கொள்கிற பறவைக்குத் தன் தலை மட்டும் எட்டாதே? அதற்குக் கால் இருக்கிறது. ஒற்றைக் காலைத் தூக்கி விறுவிறுவென்று தலையைச் சொறிகிற சேவலைப் பார்த்தால், சற்று முன் வேலிக் கம்பத்தில் ராஜா மாதிரி நின்றவர் இவர்தானா என்று தோன்றும். அடுத்தது மண்குளியல். வெயில் படுகிற, பொலபொலவென்ற மண்ணாகப் பார்த்து, வயிற்றால் நெளிந்து நெளிந்து ஓரிரண்டு அங்குல ஆழத்துக்குக் குழி பறித்து அதில் உட்கார்ந்துகொள்கிறார்கள். இறக்கையால் அள்ளி அள்ளிப் போட்டுக்கொள்கிற புழுதியில் கொண்டை, முகம், முதுகு எல்லாம் ஒரே நிறம். பிறகு எழுந்து ஓர் உதறல். தூசி பறக்க, காற்புள்ளி பழையபடி பளபளவென்று நெற்றிமேல் வந்து நிற்கிறது.

அது வெறுமனே ஒட்டிவைத்த அலங்காரமும் இல்லை. பறவைகளின் தோலுக்குள் இறகின் வேரைப் பிடித்து இழுக்கிற பொடிப்பொடித் தசைகள் உண்டு. அவற்றின் உபயத்தால் கொண்டை ஏறும், இறங்கும், முன்னால் குனியும். எதையாவது கவனிக்கும்போது நிமிர்கிறது. அஞ்சிப் பதுங்கும்போது படிகிறது. இன்னொரு சேவலோடு முறைத்துக்கொள்ளும்போது அதன் நிலையைப் பார்த்தே சண்டை எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று ஓரளவு சொல்லிவிடலாம். மனத்தில் இருப்பதைத் தலைக்கு மேல் தூக்கிக் காட்டுகிற இந்த வெகுளித்தனம் எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது.

கறுத்துப் பெருத்த கொண்டை சேவலுக்கு. பழுப்பாக, சின்னதாக, கொஞ்சம் நிமிர்ந்தாற்போல இருப்பது பெட்டைக்கு. சேவலுக்குக் கறுப்புத் தொண்டை, அதற்கு வெள்ளைக் கரை என்று உபரிகள் வேறு. ஆண்மைச் சுரப்பான டெஸ்டோஸ்டிரோன்தான் இந்தப் பகட்டையெல்லாம் தைத்துக் கொடுக்கிறது என்றுதானே நினைப்பீர்கள்?

இல்லை! ஒப்பனை அறையில் நான் கேட்ட வம்புகளிலேயே பெரிய வம்பு இதுதான். கோழி, மயில், காடை வகையறாவில் சேவலின் உடைதான் அடிப்படை உடை. ஈஸ்ட்ரோஜன் என்கிற பெண் சுரப்பு வந்து ‘உனக்கு இது வேண்டாம், அடக்கமாக இரு’ என்று சொல்வதால்தான் பெட்டைக்கு மங்கலான உடுப்பு அமைகிறது. முட்டைப்பை பழுதாகி அந்தச் சுரப்பு நின்றுபோன பெட்டைக் கோழியோ பெண் மயிலோ அடுத்த இறகுதிர்வுக்குப் பின் சேவல் வேடத்தில் வந்து நிற்பது பலமுறை பதிவாகியிருக்கிறது. மெனக்கெட்டு மாற்றி அமைத்த உடை பெட்டையினுடையது. அடைகாக்கிற நேரத்தில் கண்ணில் படாமல் இருக்க வேண்டியவள் அவள்தானே.

அப்படியானால், டெஸ்டோஸ்டிரோனுக்கும் கொண்டையின் பகட்டுக்கும் நேரடிக் கணக்கு இல்லாதபோது, பெட்டை எதைப் பார்த்து மயங்குகிறாள்? ஜூலி ஹேகலின், டேவிட் லிகன் என்ற இரண்டு ஆய்வாளர்கள் கலிபோர்னியக் காடையின் நெருங்கிய உறவினர்களான கேம்பல் காடையையும் செதில் காடையையும் வைத்து இதைச் சோதித்து 2001-இல் எழுதினார்கள். அரிசோனாப் பாலைவனத்துக் கேம்பல் காடைச் சேவல், செம்பு நிற உச்சியும் கருமுகமும் கொண்டையுமாகப் படு ஜோர். செதில் காடையில் சேவலும் பெட்டையும் ஏறக்குறைய ஒரே மாதிரி. உச்சியில் வெள்ளைக் குஞ்சம் இருப்பதால் அமெரிக்கர்கள் பஞ்சுத்தலை என்பார்கள். சோதனையில் பெட்டைகள் முக்கியமாக எடுத்துக்கொண்டது டெஸ்டோஸ்டிரோன் தூண்டிவிடுகிற குணங்களை. பகட்டான இறகுக்கு அந்த மரியாதை கிடைக்கவில்லை.

பாவம் சேவல்! இவ்வளவு அலங்காரத்துக்குப் பிறகும் காரியம் கொண்டையால் ஆகவில்லை. இந்தக் காடைச் சேவல்களிடம் ஒரு வழக்கம் உண்டு. ஒரு விதையையோ பூச்சியையோ கண்டுபிடித்து, தனிக் குரல் கொடுத்து, அலகால் எடுத்தும் போட்டும் பெட்டையைச் சாப்பிடக் கூப்பிடும். கொண்டை ஆட, தலை குனிந்து ஊட்ட நிற்கிற அந்தக் கோலத்தைப் பார்த்த பிறகு என் கட்சி இது: கொண்டை விலாசம் சொல்கிறது. நான் இன்ன இனம், நான் சேவல், இப்போது என் மனநிலை இது. அதற்கு மேல் என்ன செய்கிறாய் என்று அவள் பார்க்கிறாள்.

விலாசம் எப்போதும் சரியாக வாசிக்கப்படுவதும் இல்லை. தெற்குக் கலிபோர்னியாவில் பாலைவனம் தொடங்குகிற விளிம்பில் கலிபோர்னியக் காடையும் கேம்பல் காடையும் சந்திக்கின்றன. கொண்டை இரண்டுக்கும் ஏறக்குறைய ஒன்றுதான். கலப்புக் கல்யாணங்கள் தாராளமாக நடக்கின்றன.

மலைக்காடையை விட்டுவிட்டுப் போனால் கோபித்துக்கொள்ளும். அதன் உச்சியில் ஈர்க்குபோல நேராக, நீளமாக இரண்டு இறகுகள், பெட்டைக்கும் உண்டு. குளிர்காலம் வந்தால் மலையுச்சியிலிருந்து அடிவாரத்துக்கு நடந்தே இறங்கும் பறவை அது.

மனிதர்களும் கலிபோர்னியக் காடையின் கொண்டையை விட்டுவைக்கவில்லை. வடக்குக் கலிபோர்னியாவின் போமோ பழங்குடிப் பெண்கள் முடைந்த பரிசுக் கூடைகளில், மரங்கொத்தியின் சிவப்பு இறகுகளுக்கும் சிப்பி மணிகளுக்கும் நடுவே காடைக் கொண்டைகள் குட்டிக் குட்டியாகத் துருத்திக்கொண்டு நிற்கும். ஒரு கூடைக்கு எத்தனை தலைகள் வேண்டியிருக்கும் என்று யோசித்தால் அந்தப் பரிசின் மதிப்பு தெரியும். பிரெஞ்சுக் கடலோடி லா பெரூஸ் 1786-இல் கலிபோர்னியாவின் மான்ட்டரேக்கு வந்தார். அவருடைய கப்பல்கள் பிறகு பசிபிக்கில் மூழ்கிப்போயின; அதற்குள் ஊருக்கு அனுப்பியிருந்த குறிப்புகள் தப்பித்து, 1797-இல் வெளியான பயண நூலின் படத்தொகுப்பில் இந்தக் காடை ஜோடி இடம்பிடித்துவிட்டது. 1931-இல் கலிபோர்னியாவின் மாநிலப் பறவை என்ற பட்டமும் வந்தது.

போகிற போக்கில் புதருக்குப் பின்னால் இருக்கிற குழந்தைகள் பகுதியையும் எட்டிப் பார்த்துவிடலாம். ஒரு கூட்டில் பன்னிரண்டு முட்டைக்கு மேல் சர்வசாதாரணம். சில பெட்டைகள் அடுத்தவள் கூட்டிலும் போட்டுவிட்டு நழுவிவிடுவதுண்டு. பொரிந்த கொஞ்ச நேரத்திலேயே குஞ்சுகள் ஓடத் தொடங்கிவிடுகின்றன. சிதறினால், ‘சி-கா-கோ’ என்று பெரியவர்கள் போடுகிற சத்தம் கூட்டத்தை மறுபடி சேர்த்துவிடும். அமெரிக்காவின் இந்தக் கோடியில் நின்றுகொண்டு எங்கோ நடுவில் இருக்கிற ஊரின் பெயரை ஏன் கூவுகிறார்களோ!

சரியாகப் பறக்கவே வராத குஞ்சின் உச்சியில், பாருங்கள், அதற்குள் ஒரு துக்கடாக் கொண்டை முளைத்து நிற்கிறது. அதை ஆட்டிக்கொண்டு அந்தப் பொடியன் அப்படி ஆசையாக எதைக் கொத்துகிறான் என்கிறீர்களா? பெரியவர்களின் எச்சத்தை. இலை தழைகளைச் செரிக்க வைக்கிற நுண்ணுயிர்கள் அவன் குடலுக்குள் அந்த வழியாகத்தான் போயாக வேண்டும். முகம் சுளிக்காதீர்கள், அம்மா அப்பா இரண்டு பேரும் பக்கத்தில்தான் நிற்கிறார்கள்.