கர்ப்பிணிக்கு இரத்தம் பட்டால்: முதலில் டாக்டர், பிறகு மஸ்அலா

“ஹஜ்ரத், மருமகளுக்கு ரெண்டு மாசம். ரத்தம் படுது. தொழலாமா?” மன்னார்புரத்தில் இந்தக் கேள்வி பெரும்பாலும் வீட்டு ஆண்கள் வழியாகத்தான் வரும். மஸ்அலா இருக்கிறது, சொல்கிறேன். அதற்கு முன், டாக்டரிடம் காட்டியாயிற்றா?

முதல் மூன்று மாதங்களில் ஏறக்குறைய நான்கில் ஒரு கர்ப்பிணிக்கு இரத்தம் படுகிறது. அவர்களில் பாதிப்பேருக்காவது கர்ப்பம் நல்லபடியாகத் தொடர்கிறது. ஆகவே, ‘கலைந்துவிட்டது’ என்று வீட்டிலேயே தீர்ப்புச் சொல்லிவிட வேண்டாம். ஸ்கேனில் இதயத் துடிப்பு தெரிந்தால் நம்பிக்கை கூடும். 6 வாரத்துக்கு முன் துடிப்பு தெரியாமலும் போகலாம். சில நாள் கழித்து மறுபடி பார்ப்பார்கள்.

பயப்பட வேண்டியது வேறொன்று. கரு, கர்ப்பப்பைக்குப் பதிலாகக் கருக்குழாயில் தங்கிவிடுவது. இதில் இரத்தம் சொட்டாகத்தான் படும்; ஆனால் குழாய் வெடித்தால் தாயின் உயிருக்கே ஆபத்து. அடிவயிற்றில் ஒரு பக்கமாக வலி, தோள்பட்டையில் வலி, மயக்கம் என்றால் விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது. இரத்தம் அதிகமாகப் போனாலும் அப்படித்தான். 108ஐ அழையுங்கள். புத்தூர் அரசு மருத்துவமனை நமக்குத் தொலைவில்லை. தாயின் இரத்த வகை நெகட்டிவ் என்றால் மறக்காமல் சொல்லுங்கள். 72 மணி நேரத்துக்குள் ஆன்டி-டி ஊசி தேவைப்படலாம்.

கலைந்தே போனால்? மாடி ஏறினாள், பப்பாளி தின்றாள் என்று அந்தப் பெண்ணைக் கூண்டில் ஏற்றுகிறோம். ஆரம்பக் கருச்சிதைவுகளில் ஏறக்குறைய பாதி, கருவின் குரோமோசோம் கோளாறால் வருபவை. அவள் செய்ததும் இல்லை, தடுத்திருக்கவும் முடியாது. படுத்தே கிடந்தால் கரு தங்கும் என்பதற்கும் ஆதாரம் இல்லை. கண்ணேறு உண்மை என்பது நம் நம்பிக்கை, அதற்காக யார் கண் என்று ஆள் தேடுவது மார்க்கமா?

இனி மஸ்அலா. ஹனஃபி மத்ஹபில் கர்ப்பிணிக்கு வரும் இரத்தம் இஸ்திஹாளா. தொழுகையை விடக் கூடாது. இரத்தம் நிற்காவிட்டால் ஒவ்வொரு வக்துக்கும் ஒளுச் செய்து தொழ வேண்டும். ஷாஃபிஈ மத்ஹபின் வலுவான கருத்தில், ஹைளுக்கான நிபந்தனைகள் பொருந்தினால் அது ஹைளுதான். கலைந்த பிறகு வரும் இரத்தம் நிஃபாஸா என்பதிலும் வேறுபாடு உண்டு: ஹனஃபியில் விரல், நகம் போன்ற உறுப்பு ஏதேனும் உருவாகியிருக்க வேண்டும்; ஷாஃபிஈயில் சதைக்கட்டியாக இருந்தாலே போதும். எனவே கேட்கும்போது மத்ஹபு, எத்தனை வாரம், வெளியேறியது எப்படி இருந்தது என்பதையும் சொல்லுங்கள். ஸ்கேன் ரிப்போர்ட் கையில் இருந்தால் பதில் சொல்ல இன்னும் எளிது.