ஏரியால் வாழ்ந்த ஊர்

சென்னைக்குத் தெற்கே, பழைய மாமல்லபுரம் சாலையை அடுத்துள்ளது சிறுசேரி. அப்பெயரைக் கேட்டவுடன் சிப்காட் வளாகமும் மென்பொருள் நிறுவனங்களுமே பலர் நினைவுக்கு வரும். ஆனால், ஊரின் பெயர் அவற்றினும் பழமையானது.

'சேரி' என்பது பழந்தமிழில் மக்கள் சேர்ந்து வாழும் இடத்தைக் குறித்த பொதுச்சொல். பிற்காலத்தில் ஊரிலிருந்து ஒதுக்கிவைக்கப்பட்டோரின் குடியிருப்பை மட்டும் அச்சொல் சுட்டலாயிற்று. ஒரு சொல்லின் பொருள் சுருங்கியதில் ஒரு சமுதாயத்தின் வரலாறே அடங்கியிருக்கிறது.

செங்கல்பட்டு வட்டாரத்தை ஏரிகளின் நாடு எனலாம். ஆண்டு முழுதும் நீரோடும் ஆறு இங்கில்லை. வடகிழக்குப் பருவமழையே உழவுக்கு முதல். அந்நீரைக் கரை தேக்கியது. மதகு வயலுக்கு அளந்து விட்டது. மிகுந்த நீர் கலங்கல் வழியே அடுத்த ஊரின் ஏரிக்குச் சென்றது. எனவே, ஓர் ஊரின் கவனக்குறைவு மற்றோர் ஊரின் வெள்ளமாயிற்று.

இப்பணியின் அருமையை உத்திரமேரூர்க் கல்வெட்டுகள் (பொ.ஆ. 919, 921) உணர்த்துகின்றன. குடவோலை முறையில் தேர்ந்தெடுக்கப்பட்ட ஆறு பேர் ஏரிவாரியத்தில் ஓராண்டு பணியாற்றினர். எனினும், நிலமும் கல்வியும் உடையோரே அதற்குத் தகுதி பெற்றனர். வயலில் உழைத்த எளியோரின் பெயர்களுக்கு அக்குடத்தில் இடமில்லை. அம்முறையின் சிறப்பையும் குறையையும் ஒருங்கே அறிவதே வரலாற்றறிவு.

1767 முதல் 1774 வரை தாமஸ் பர்னார்டு என்னும் ஆங்கிலேயப் பொறியாளர் செங்கல்பட்டுப் பகுதியின் ஊர்களை அளவிட்டார். விளைச்சலில் ஊர்ப் பணியாளர்க்குரிய பங்குகள் அக்கணக்குகளில் பதிவாகியுள்ளன. உழவர் முதல் வெட்டியான் வரை பலரது உழைப்பால் இயங்கியது அன்றைய ஊர்.

இன்று வயல்கள் மனைகளாகிவிட்டன. ஏரியை நம்பி வாழ்வோர் குறைந்ததால் அதன் வரத்துக்கால்களை நினைப்பாரும் குறைந்தனர். ஆயினும், நீர் தன் வழியை மறப்பதில்லை. 2015 திசம்பர் வெள்ளத்தில் முடிச்சூர் உள்ளிட்ட தாம்பரம் பகுதிகள் மூழ்கியபோது அவ்வுண்மையை நாம் கண்கூடாகக் கண்டோம்.

உங்கள் ஊருக்கு நீர் எத்திசையிலிருந்து வருகிறது, எங்கே செல்கிறது என்பதை மூத்தோரிடம் கேட்டறியுங்கள். அதுவே உங்கள் ஊர் வரலாற்றின் முதற்பக்கம்.