பாத்திரமும் உறுப்பும்: 'சிம்ஸ்' கணினி விளையாட்டில் தரவிறக்கிய பாத்திரங்களை நிறுவுதல் பற்றிய ஒரு விளக்கம்

வாழ்க்கையைப் பாவனை செய்யும் கணினி விளையாட்டுகளுள் உலகெங்கும் பெருவழக்குப் பெற்றது 'சிம்ஸ்' என்னும் தொடராகும். இவ்விளையாட்டில் வெற்றி, தோல்வி என வரையறுத்த முடிவு இல்லை. விளையாடுவோர் மனிதரை ஒத்த பாத்திரங்களைப் படைத்து, வீடமைத்துக் குடியிருத்தி, உணவு, உறக்கம், தொழில், காதல், மூப்பு, இறப்பு என்பவற்றினூடாக அவற்றின் வாழ்வை நடத்திச் செல்வர். தாம் படைத்தவற்றோடு அமையாது, பிறர் படைத்த பாத்திரங்களை இணையத்திலிருந்து இறக்கித் தம் விளையாட்டிற் குடியேற்றுவதும் தொடக்கமுதல் இருந்துவரும் வழக்கமாகும்.

இவ்வாறு குடியேற்ற முயல்வோர் அடிக்கடி எய்தும் ஏமாற்றம் ஒன்றுண்டு. படத்திற் கண்ட பாத்திரம் நீண்ட கூந்தலும் வேலைப்பாடமைந்த ஆடையும் உடையதாயிருக்கும். விளையாட்டினுள் வந்து சேர்வதோ மொட்டைத் தலையும் வேற்றாடையும் கொண்ட ஓர் அயலார். சிலவேளை எதுவுமே வந்து சேர்வதில்லை. இதனைக் கணினியின் பழுது என்றோ, படைத்தவரின் கவனக்குறைவு என்றோ பலர் கொள்வர். ஆயின், இவ்விடரின் வேர் வேறிடத்தில் உள்ளது. தரவிறக்கப்படும் பாத்திரம் முழுமையான ஓர் உருவன்று. அது பெரும்பாலும் உறுப்புகளின் பட்டியலேயாகும். பட்டியல் ஓரிடத்திலும் உறுப்புகள் பிறிதோரிடத்திலும் இருக்கின்றன. இரண்டும் ஒருங்கே வந்தாலன்றிப் பாத்திரம் நிறைவுறாது. இவ்வடிப்படையை விளக்கி, அதன்வழி நிறுவும் முறையையும் அதில் நேரும் தவறுகளையும் எடுத்துக்காட்டுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

தோற்றமும் வளர்ச்சியும்

இவ்விளையாட்டை உருவாக்கியவர் அமெரிக்கரான வில் றைட் ஆவார். 1989ஆம் ஆண்டில் 'சிம் சிற்றி' என்னும் நகரமைப்பு விளையாட்டினாற் புகழ்பெற்ற இவர், 1991ஆம் ஆண்டு கலிபோர்ணியாவின் ஓக்லண்ட் பகுதியில் மூண்ட பெருந்தீயில் தமது வீட்டை இழந்தார். இழந்த வாழ்க்கைப் பொருள்களை மீண்டும் ஒவ்வொன்றாகத் தேடிச் சேர்த்த அனுபவம் புதியதொரு விளையாட்டிற்கு வித்திட்டது. முதலில் அது வீடமைப்புப் பற்றியதாகவே எண்ணப்பட்டது. கட்டிய வீட்டின் தரத்தை அதில் வாழ்ந்து காட்டி மதிப்பிடுவதற்கென்றே சிறு மனித உருவங்கள் புகுத்தப்பட்டன. நாளடைவில் வீட்டைவிட அவ்வுருவங்களே கவர்ச்சி மிக்கனவாயின. மக்சிஸ் நிறுவனம் ஆக்க, எலெக்ட்ரோனிக் ஆட்ஸ் நிறுவனம் வெளியிட, 2000ஆம் ஆண்டு பெப்ரவரியில் முதலாவது 'சிம்ஸ்' வெளிவந்தது.

விளையாட்டு வெளிவருமுன்னரே, பாத்திரங்களின் தோற்றத்தை மாற்றி நோக்குவதற்கான துணைக்கருவி ஒன்றையும் மக்சிஸ் வழங்கியிருந்தது. பிறர் ஆக்கங்களுக்கு இடமளித்தல் பின்னர் நேர்ந்த விபத்தன்று, தொடக்கத்திலேயே கருதப்பட்டது என்பதற்கு இது சான்றாகும். அக்காலத்தில் தோலும் ஆடையும் பெரும்பாலும் படக்கோப்புகளாகவே இருந்தன. அவற்றை உரிய கோப்புறையில் இட்டாற் போதுமானதாயிருந்தது.

2004ஆம் ஆண்டு செப்டெம்பரில் இரண்டாம் பாகம் வெளிவந்தது. அதற்கு முன்னதாகவே 'பொடி ஷொப்' என்னும் பாத்திர ஆக்கக் கருவி தனித்து வெளியிடப்பட்டது. இப்பாகத்தில் ஒரு பாத்திரமும், அது பயன்படுத்திய கூந்தல், ஆடை முதலியனவும் ஒரே பொதியாகக் கட்டப்பட்டன. அப்பொதியை இருமுறை சொடுக்கினால் யாவும் தாமாகவே நிறுவப்பெற்றன. 2009ஆம் ஆண்டு யூனில் வெளிவந்த மூன்றாம் பாகமும் ஏறத்தாழ இம்முறையையே பின்பற்றியது.

பொதிமுறை வசதியானது. ஆயின், அதற்குரிய விலையும் இருந்தது. ஒரு பாத்திரத்தை வேண்டிப் பொதியை அவிழ்ப்பவர், தாம் வேண்டாத பலவற்றையும் அதனோடு உள்வாங்கினார். இரண்டாம் பாகத்தில் அவை இனங்காணவியலாப் பெயர்களோடு கோப்புறையிற் குவிந்தன. பொதியிலுள்ளவற்றைத் தெரிந்தெடுத்து நிறுவுவதற்கெனத் தனிக்கருவியொன்றை விளையாடுவோரே ஆக்கவேண்டியதாயிற்று. மூன்றாம் பாகத்திலோ பழுதுற்ற பொம்மை ஒன்று பொதிகளினுள் மறைந்திருந்து, பகிரப்பட்ட பாத்திரங்களின் வழியாகவும் வீடுகளின் வழியாகவும் ஒருவர் கணினியிலிருந்து மற்றொருவர் கணினிக்குப் பரவியது. தொற்றுநோய்க்கு ஒப்பான இந்நிகழ்ச்சி விளையாடுவோரிடையே நெடுங்காலம் பேசப்பட்டது.

2014ஆம் ஆண்டு செப்டெம்பரில் வெளிவந்த நான்காம் பாகம் இதற்கு எதிரான வழியைக் கைக்கொண்டது. இங்குப் பாத்திரத்தின் பதிவும் அதன் புறவுறுப்புகளும் முற்றாகப் பிரிக்கப்பட்டன. விளையாட்டோடு இணைந்த 'கலரி' என்னும் பொதுக்களஞ்சியத்தினூடாகப் பாத்திரங்களைப் பகிரலாம். ஆயின், பிறர் ஆக்கிய கூந்தலையோ ஆடையையோ அது சுமந்து வருவதில்லை. இதனால் வேண்டாத பொருள் உடன்வரும் இடர் குறைந்தது. அதற்கு ஈடாக, வேண்டிய பொருள் வராதுபோகும் இடர் தோன்றியது. முன்னையது முழுமையைப் பேணித் தூய்மையை இழந்தது. பின்னையது தூய்மையைப் பேணி முழுமையை இழந்தது எனலாம். இன்று விளையாடுவோர் படும் இடர்ப்பாடுகளுட் பல இம்மாற்றத்தின் விளைவுகளேயாகும்.

இருவேறு கோப்புறைகள்

நான்காம் பாகத்தின் கணினிப் பதிப்பையே இனி நோக்குவாம். கணினியின் ஆவணக் கோப்புறையினுள் 'எலெக்ட்ரோனிக் ஆட்ஸ்' என்பதும், அதனுள் 'த சிம்ஸ் 4' என்பதும் உள்ளன. இதனுள் அமைந்த 'ட்ரே', 'மொட்ஸ்' என்னும் இரு கோப்புறைகளே நமக்கு முக்கியமானவை.

ட்ரே என்பது பட்டியலின் இருப்பிடம். ஒரு குடும்பத்திற்கு இங்கு நால்வகைக் கோப்புகள் உண்டு. 'ட்ரே ஐட்டம்' என்பது பெயர் முதலிய விவரங்களைத் தாங்குவது. 'ஹவுஸ்ஹோல்ட் பைனரி' என்பது குடும்பத்தின் உள்ளடக்கம். 'எச்.எச்.ஐ.', 'எஸ்.ஜி.ஐ.' என முடிவன முறையே குடும்பத்தினதும் தனிப் பாத்திரங்களினதும் படங்கள். இக்கோப்புகளின் பெயர்கள் நீண்ட எண்களால் ஆனவை. அவ்வெண்களைக் கொண்டே விளையாட்டு அவற்றை ஒரு குடும்பத்தினவாக இனங்காண்கின்றது. ஆகவே அழகு கருதி இப்பெயர்களை மாற்றுதல் ஆகாது.

மொட்ஸ் என்பது உறுப்புகளின் இருப்பிடம். கூந்தல், ஆடை, கண், தோல், மூக்கின் வடிவம் என்பன 'பக்கேஜ்' என்னும் வகைக் கோப்புகளாக இங்கு வைக்கப்படும். ஒவ்வோர் உறுப்பிற்கும் தனக்குரிய நீண்ட எண்ணொன்று கோப்பின் உள்ளே பொறிக்கப்பட்டுள்ளது. பாத்திரத்தின் பதிவில் 'இக்கூந்தல்' என்று எழுதப்பட்டிருப்பதில்லை. 'இன்ன எண்ணுடைய உறுப்பு' என்றே எழுதப்பட்டிருக்கும். விளையாட்டு அவ்வெண்ணைத் தேடிக் கண்டால் உறுப்பைப் பொருத்தும். காணாவிடின் வேறொன்றைப் பொருத்தும் அல்லது வெறுமையாக விடும். எண் கோப்பின் உள்ளே இருப்பதனால், பக்கேஜ் கோப்பின் வெளிப்பெயரை மாற்றுவதால் தீங்கில்லை. ட்ரே கோப்புகளுக்கும் இவற்றுக்குமுள்ள இவ்வேறுபாடு நினைவிற் கொள்ளத்தக்கது.

நிறுவும் முறை

முதலாவதாக, 'சேவ்ஸ்' என்னும் கோப்புறையைப் படியெடுத்துப் பிறிதோரிடத்தில் வைத்தல் வேண்டும். விளையாடுவோரின் நெடுநாள் உழைப்பு அதனுள்ளேயே இருக்கின்றது.

இரண்டாவதாக, பாத்திரத்தை ஆக்கியவர் தந்துள்ள உறுப்புப் பட்டியலை வாசித்து, அவற்றையெல்லாம் இறக்குதல் வேண்டும். ஓர் ஆடையின் நிறத்தை மட்டும் ஒருவர் மாற்றியிருப்பின், அதன் வடிவத்தை ஆக்கிய மூலக்கோப்பும் வேண்டப்படும். நிறம் மட்டும் இருந்து வடிவம் இல்லையாயின் அது தோன்றாது.

மூன்றாவதாக, சுருக்கப்பட்டு வந்த கோப்புகளை விரித்து, பக்கேஜ் கோப்புகளை மொட்ஸினுள் இடவேண்டும். வகைபிரித்து உட்கோப்புறைகளில் வைக்கலாம். ஆயின், கட்டளைநிரல்களைத் தாங்கும் 'ஸ்கிரிப்ட்' வகைக் கோப்புகள் ஓர் உட்கோப்புறைக்கு மேல் ஆழமாக இருத்தலாகாது. அவற்றை விரித்தலும் ஆகாது.

நான்காவதாக, ட்ரே கோப்புகள் அனைத்தையும் உட்கோப்புறை எதுவுமின்றி நேரே ட்ரேயினுள் இடவேண்டும்.

ஐந்தாவதாக, விளையாட்டைத் திறந்து, அதன் அமைப்புகளில் பிறராக்கங்களை அனுமதிக்கும் தெரிவை இயக்கி, விளையாட்டை மூடி மீளத் திறத்தல் வேண்டும். பின்னர் கலரியில் 'எனது நூலகம்' என்னும் பகுதிக்குச் சென்று, பிறராக்கம் சேர்ந்தவற்றையும் காட்டும்படி குறியிட்டால் குடும்பம் அங்கே தோன்றும். அக்குறியை இடாமையாலேயே 'பாத்திரம் வரவில்லை' என்று முறையிடுவோர் பலர்.

இவ்வரிசைமுறை காரணம் பற்றியது. உறுப்புகள் வருமுன்னர் பாத்திரத்தைக் குடியேற்றி விளையாட்டைச் சேமித்துவிட்டால், மாற்றுறுப்புகளே அதன் உறுப்புகளாகப் பதிவாகிவிடக்கூடும். பின்னர் உரிய கூந்தலைக் கொணர்ந்தாலும் அது தானே சென்று பொருந்தாது. ஆயின், ட்ரேயிலுள்ள மூலப்படி மாறாதிருப்பதனால், அதனை மீண்டும் குடியேற்றிக்கொள்ளலாம்.

நேரும் குறைபாடுகள்

யாவும் ஒழுங்காக நிறுவிய பின்னரும் முகம் படத்திற் கண்டதுபோல் இல்லாதிருப்பதுண்டு. தோல், கண் ஆகியவற்றில் இருவகை ஆக்கங்கள் உள்ளன. ஒருவகை, தெரிந்தெடுக்கப்படுவன, இவை பாத்திரத்தின் பதிவில் இடம்பெறும். மற்றைய வகை, விளையாட்டின் இயல்பான தோலையோ கண்ணையோ முழுவதும் மாற்றீடு செய்வன. இவை எப்பாத்திரத்தின் பதிவிலும் இடம்பெறா. ஆக்கியவர் கணினியில் மாற்றீட்டுத் தோல் இருந்திருப்பின், படத்தில் நாம் கண்டது பாத்திரத்தினுடையது மட்டுமன்று. அவர் கணினியினுடையதும் ஆகும். இதனைப் பட்டியலிற் குறிப்பிட ஆக்கியோர் மறப்பதுண்டு. விலைகொடுத்து வாங்கும் விரிவுப் பொதிகளிலுள்ள ஆடைகளும் அவ்வாறே. அப்பொதி இல்லாதவரிடம் அவ்வாடை தோன்றாது.

விளையாட்டு இற்றைப்படுத்தப்படும்போது பிறராக்கங்கள் தாமாகவே முடக்கப்படும். நேற்றுவரை நன்றாயிருந்த பாத்திரம் இன்று மொட்டையாக நிற்பின், முதலில் நோக்கவேண்டியது அத்தெரிவையே. பழுதான கோப்பொன்றைக் கண்டறிய, மொட்ஸிலுள்ளவற்றுட் பாதியை வெளியே எடுத்துச் சோதித்து, பழுதுள்ள பாதியை மீண்டும் இரண்டாகப் பிரித்துச் செல்லும் முறை நன்று. ஆயிரம் கோப்புகளாயினும் ஏறத்தாழப் பத்துச் சோதனைகளிற் குற்றவாளி அகப்படும்.

பாதுகாப்பும் இங்குக் கருதற்பாலது. பக்கேஜ் கோப்புகள் பெரும்பாலும் வடிவங்களும் படங்களுமே. ஸ்கிரிப்ட் கோப்புகளோ கணினியில் இயங்கும் நிரல்கள். 2024ஆம் ஆண்டின் தொடக்கத்தில், விளையாட்டிற்கான ஆக்கங்கள் என்னும் போர்வையிற் சில தீநிரல்கள் பரப்பப்பட்டன. அவை விண்டோஸ் கணினிகளிற் சேமித்திருந்த கடவுச்சொற்கள் முதலியவற்றைக் களவாடின. கூந்தல் ஒன்றை மட்டும் வேண்டி இறக்கியவிடத்து ஸ்கிரிப்ட் கோப்பும் உடன்வந்திருப்பின், அது ஏன் வந்தது என்று வினவுதல் வேண்டும்.

பாத்திரங்களைத் தேடுவதன் காரணம்

இத்துணை இடருற்றும் மக்கள் ஏன் பிறராக்கங்களை நாடுகின்றனர் என்பது இறுதியாக எழும் வினாவாகும். அழகுணர்ச்சி ஒரு காரணம். அதனினும் ஆழமான காரணம் ஒன்றுண்டு. நான்காம் பாகம் வெளிவந்த காலத்தில், கருநிறத்தோருக்குரிய தோல் வண்ணங்கள் மிகச் சிலவாகவும் உயிர்ப்பற்றனவாகவும் இருந்தன. அவர்தம் கூந்தலமைப்புகளும் அருகியே காணப்பட்டன. தம்மைப் போன்ற ஒருவரைத் தம் விளையாட்டிற் படைக்க இயலாதிருந்தோர், அவ்வண்ணங்களைத் தாமே ஆக்கிப் பிறர்க்கு வழங்கினர். முறையீடுகள் பலவாண்டுகள் தொடர்ந்த பின்னர், 2020ஆம் ஆண்டு டிசெம்பரில் நூற்றுக்கு மேற்பட்ட புதிய தோல் வண்ணங்களை நிறுவனம் இலவசமாகச் சேர்த்தது. விளையாடுவோர் தாமே ஆக்கியவை ஈடுசெய்துவந்த குறையொன்று இவ்வாறு விளையாட்டினுள்ளேயே ஓரளவு தீர்க்கப்பட்டது.

ஆகவே, மொட்ஸ் கோப்புறையிலுள்ள ஒவ்வோர் உறுப்பின் பின்னும் ஒருவரின் உழைப்பு உண்டு. ஒரு பாத்திரத்தைப் பகிர்பவர் பிறரது உறுப்புகளைத் தம் பொதியிற் சேர்த்து வழங்குவதை ஆக்கியோர் பலர் விரும்புவதில்லை. தம்மிடத்தே வந்து பெறுமாறு கேட்பர். உறுப்புப் பட்டியல் வெறும் வசதிக்குறிப்பன்று. ஆக்கியோர்க்குச் செலுத்தும் நன்றியும் அதுவேயாகும். பட்டியலைக் கவனமாக எழுதுவோரும் பொறுமையாக வாசிப்போரும் இருக்குமிடத்து, ஒருவர் படைத்த முகம் சிதையாமல் மற்றொருவர் வீட்டிற் குடியேறுகின்றது. இல்லாதவிடத்துப் பெயர் மட்டுமே வந்து சேரும்.