பால் ஸ்டோர் வாசம்

புட்டியின் மூடியைத் திறந்ததும் அறையில் இருந்த பிள்ளைகள் எல்லாரும் மூக்கைப் பிடித்துக்கொண்டார்கள். மூலையில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்த என் பாட்டி மட்டும் நிமிர்ந்து பார்த்தார்.

"என்னாம்மா, இங்க பால் ஸ்டோர் வாசம் வீசுது?"

நெகிரி செம்பிலானில், ரந்தாவ் பக்கத்தில் ஒரு தோட்டத்து மண்டபம் அது. அங்குள்ள இளைஞர்கள் சாலைப் பாதுகாப்பு பற்றி ஒரு நாடகம் போட்டார்கள். மோட்டார் சைக்கிள் விபத்தில் மூன்று பேர் அடிபட வேண்டும். பார்ப்பவர்கள் நடுங்க வேண்டும். "அக்கா, நீங்க மீடியா படிச்சவங்கதானே, காயம் போட்டுக் கொடுங்க" என்று கேட்டார்கள். படிப்பில் ஒப்பனைக்கும் ஒரு சிறு பாடம் இருந்தது உண்மைதான். ஆனால் பத்து வருடமாக நான் வானொலி அறிவிப்பாளர். எங்கள் தொழிலில் எலும்பு முறிய வேண்டுமென்றால் மைக் முன்னால் செலரித் தண்டை ஒடித்தால் போதும், ரத்தமே தேவையில்லை. இருந்தாலும் கேட்டவர்கள் பாட்டி வாழ்ந்த மண்ணின் பிள்ளைகள். மறுக்க முடியவில்லை. இணையத்தில் திரவ லேட்டக்ஸ் ஒரு புட்டி வாங்கினேன். கைக்குள் அடங்கும் புட்டி, ஐம்பது வெள்ளிக்கு மேல். மேலே ஓர் அமெரிக்க முகவரி.

பாட்டி புட்டியை வாங்கி முகர்ந்தார், ஒரு சொட்டு விரலில் எடுத்துத் தேய்த்தார். "ரப்பர் பாலு. அம்மோனியா கலந்துருக்கான்" என்றார். விலையைச் சொன்னேன். சிறிது நேரம் பேசவே இல்லை. அவர் இருபத்தெட்டு வருடம் மரம் வெட்டியவர்.

பாட்டி சொன்னது அத்தனையும் சரி. ஹாலிவுட்டில் கிழவனாக்கவும் பேயாக்கவும் முகத்தில் பூசும் அந்த வெள்ளைத் திரவம், நம் தாத்தா பாட்டிகள் விடியுமுன் மங்கில் இறக்கிய அதே பால்தான். மரத்திலிருந்து இறங்கும் பாலில் ரப்பர் ஏறக்குறைய முப்பதிலிருந்து நாற்பது விழுக்காடு, மற்றதில் பெரும்பகுதி தண்ணீர். அப்படியே விட்டால் சில மணி நேரத்தில் கட்டிவிடும். அதைத் தடுக்கத்தான் அம்மோனியா. பிறகு தொழிற்சாலையில் வேகமாகச் சுழலும் இயந்திரத்தில் போட்டு, மோரிலிருந்து வெண்ணெய் பிரிப்பதுபோல் தண்ணீரைக் குறைத்து, ரப்பரை அறுபது விழுக்காட்டுக்கு ஏற்றுகிறார்கள். கையுறை, பலூன், மெத்தை எல்லாவற்றுக்கும் மூலம் இந்தக் கெட்டிப்பால்தான். அதிலும் அம்மோனியா குறைவாகச் சேர்த்த வகைதான் தோலில் பூச உதவும். கைவினைக் கடையில் அச்சு வார்ப்பதற்கென்று விற்கும் வாளி லேட்டக்ஸை மலிவாக இருக்கிறதே என்று முகத்தில் பூசாதீர்கள். அதில் என்னென்ன சேர்த்திருக்கிறார்கள் என்பது முகத்தை நினைத்துச் செய்த கணக்கல்ல.

இந்த மரம் நம் மண்ணுக்கு வந்த கதை பலருக்குத் தெரியும். 1876இல் ஹென்றி விக்காம் பிரேசிலிலிருந்து லண்டன் கியூ தோட்டத்துக்குக் கொண்டுபோன விதைகள் ஏறக்குறைய 70,000. அவற்றில் முளைத்தவை சில ஆயிரம்தான். 1877இல் 22 கன்றுகள் சிங்கப்பூருக்கு வந்தன. மரத்தைக் கொல்லாமல், பட்டையைச் சாய்வாகச் சீவி நாள்தோறும் பால் எடுக்கும் முறையை அங்கே தாவரவியல் பூங்காவில் இருந்த ஹென்றி ரிட்லி வகுத்தார். 1896இல் மலாக்கா புக்கிட் லிந்தாங்கில் டான் சாய் யான் வணிகப் பயிராக நட்டார். அதற்குப் பிறகு லிங்கி, ரந்தாவ், பகாவ், தம்பின் என்று காடெல்லாம் ரப்பர் நிரையானது. அந்த நிரைகளுக்குள் நெற்றி விளக்கோடு நுழைந்தவர்கள் யார் என்பதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

சினிமாவுக்கு வருவோம். ரப்பர் பாலை நுரைக்க அடித்து, அச்சில் ஊற்றி, அடுப்பில் வேகவைத்துப் பஞ்சுபோன்ற ரப்பர் செய்யும் முறை 1929 வாக்கில் டன்லப் ஆய்வகத்தில் பிறந்தது. மெத்தைக்காகக் கண்டுபிடித்ததை ஒப்பனைக்காரர்கள் முகத்துக்குக் கொண்டுபோனார்கள். 1939இல் வந்த 'தி விசார்ட் ஆஃப் ஓஸ்' படத்தில் வைக்கோல் பொம்மையாக நடித்த ரே போல்கரின் முகத்தில், அந்த ரப்பர் முகமூடி பதித்த கோடுகள் படம் முடிந்த பிறகும் நெடுநாள் மறையவில்லையாம். 1970இல் 'லிட்டில் பிக் மேன்' படத்தில் முப்பது வயது தாண்டிய டஸ்டின் ஹாஃப்மனை 121 வயதுக் கிழவராக்கினார் டிக் ஸ்மித். உலக ஒப்பனைக்காரர்கள் இன்றும் குருவாக மதிக்கும் மனிதர்.

நம் வீடுகளில் இதைப் பேச கமல்ஹாசன் போதும். 1996ஆம் ஆண்டிலேயே 'இந்தியன்' தாத்தா, 'அவ்வை சண்முகி' மாமி என்று இரண்டு முகங்கள். 2008இல் 'தசாவதாரம்' பத்து முகங்கள். மூன்றுக்கும் அமெரிக்க ஒப்பனைக் கலைஞர் மைக்கேல் வெஸ்ட்மோர் பங்களித்தார். 'மாஸ்க்' படத்துக்காக ஆஸ்கார் வாங்கியவர். 2015இல் 'ஐ' படத்தில் விக்ரமின் உருக்குலைந்த தோற்றத்துக்கு நியூசிலாந்தின் வீட்டா ஒர்க்‌ஷாப் வந்தது. இன்றைய பெரிய படங்களில் சிலிகோன் வந்துவிட்டது. அது தோல்போல் ஒளியை உள்ளே வாங்கும், விலையும் அதற்கேற்ப இருக்கும். கல்லூரிக் குறும்படத்துக்கும் தோட்டத்து மேடைக்கும் இன்னும் ரப்பர் பால்தான்.

அன்று மண்டபத்தில் நான் செய்தது மிக எளிய காயம். பஞ்சால் தோலில் மெல்லிய பூச்சு ஒன்று. வெள்ளை நிறம் போய்க் கண்ணாடிபோல் ஆனால் காய்ந்துவிட்டது என்று அர்த்தம். அதன்மேல் திசுத்தாளைக் கையால் கிழித்து ஒட்டி, மறுபடி பூச்சு. கத்தரியால் வெட்டினால் ஓரம் நேர்கோடாகத் தெரிந்து காட்டிக்கொடுத்துவிடும், ஆகவே கிழிக்கத்தான் வேண்டும். மூன்று நான்கு அடுக்கு ஏறியதும் நடுவில் கிள்ளிப் பிரித்தால் தோல் பிளந்ததுபோல் வாய் திறக்கும். உள்ளே கருஞ்சிவப்பு, ஓரத்தில் தோல் நிறம். காய்ந்த ரப்பர் தன்னோடு தானே ஒட்டிக்கொள்ளும் குணமுடையது, அதனால் மேலே கொஞ்சம் பவுடர். முகத்தில் சுருக்கம் வேண்டுமென்றால் தோலை இழுத்துப் பிடித்துப் பூசி, காய்ந்தபின் கையை விட வேண்டும். இருபது வயதுப் பையனின் கன்னத்தில் எழுபது வயது வந்து உட்காரும். பார்க்கக் கொஞ்சம் பயமாகவே இருக்கும்.

முடியில் மட்டும் படக்கூடாது. புருவம், மீசை, கையில் உள்ள ரோமம் எதிலும். பால் முடியைச் சுற்றிக் காய்ந்துவிட்டால் உரிக்கும்போது முடியும் சேர்ந்து வரும். மாணவப் பருவத்தில் என் இடப் புருவத்தில் பாதியை இப்படித்தான் இழந்தேன், கலைநிகழ்ச்சிக்கு முதல்நாள். புருவத்தில் முன்கூட்டியே வாசலின் தடவியிருக்க வேண்டும். தூரிகையையும் சோப்புத் தண்ணீரில் முக்கிவிட்டுத்தான் பாலில் வைக்க வேண்டும், இல்லையென்றால் அது ஒரே தடவைத் தூரிகை.

முதல் காயத்தை முடித்துவிட்டுப் பெருமையோடு பாட்டியிடம் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தார்.

"இது காயமா? குங்குமம் கொட்டுன மாதிரி இருக்கு."

பிள்ளைகள் சிரித்தார்கள். பாட்டி இடது கையை நீட்டினார். கட்டைவிரல் அடியிலிருந்து மணிக்கட்டுவரை வெளுத்த கோடு. அந்தக் கோட்டைச் சின்ன வயதிலிருந்து பார்த்திருக்கிறேன். எப்படி வந்தது என்று ஒரு நாளும் கேட்டதில்லை. மரம் வெட்ட இறங்கிய இரண்டாம் வருடமாம், பதினேழு வயது. முதல்நாள் மழையில் பட்டை ஈரம், விளக்கு வெளிச்சம் மங்கல், உளி வழுக்கியது. "வெட்டுப்பட்ட உடனே ரத்தம் வராது. மொதல்ல சதை வெள்ளையாத் தெரியும். அப்புறம்தான் வரும். கொஞ்ச நேரத்துல கறுத்துப் போயிடும். நீ போட்டிருக்கிற மாதிரி செவப்பா நிக்காது." அன்றும் நிரையை முடித்துவிட்டுத்தான் தோட்டத்து மருந்தகத்துக்குப் போனாராம். பாதியில் விட்டால் அரைநாள் பேர்தான் விழும்.

அறை அமைதியாகிவிட்டது. நான் காயத்தின் ஓரத்தில் வெளிர் நிறம் சேர்த்தேன். ரத்தத்தில் ஒரு சிட்டிகை காப்பித்தூள் கலந்தேன். பாட்டி தலையாட்டினார். இப்போது பார்க்கவே முடியவில்லை, அவ்வளவு உண்மையாக இருந்தது.

இனி நான் சொல்லப்போவதுதான் இந்தக் கட்டுரையை எழுத வைத்தது. மூன்றாவது பையன் ஐந்தாம் படிவ மாணவன். கழுத்திலிருந்து கன்னம்வரை சிராய்ப்பு போட்டுக்கொண்டிருந்தேன். கால்மணி நேரத்தில் சொறிய ஆரம்பித்தான். நடிக்கிறான் என்று நினைத்தோம். பிறகு கழுத்தில் தடிப்பு தடிப்பாக எழும்பியது. ஓரத்தை உரித்துப் பார்த்தால் அடியில் தோல் சிவந்து வீங்கியிருந்தது. எல்லாவற்றையும் எடுத்துவிட்டு சோப்புப் போட்டுக் கழுவி, கிளினிக்குக்கு அழைத்துப்போனோம். மருத்துவர் கேட்ட முதல் கேள்வி: "பலூன் ஊதினால் உதடு அரிக்குமா?" ஆமாம் என்றான். பல் மருத்துவரிடம் போய்வந்த அன்றும் வாய் வீங்கியதாம். ஒருவரும் இரண்டையும் சேர்த்து யோசிக்கவில்லை.

ரப்பர் பாலில் மரத்தின் புரதங்கள் இருக்கின்றன. சிலருடைய உடல் அவற்றைப் பகையாக எடுத்துக்கொள்ளும். அதுதான் லேட்டக்ஸ் ஒவ்வாமை. 1980களின் இறுதியில் எய்ட்ஸ் அச்சத்தால் உலகெங்கும் மருத்துவமனைகளில் கையுறைப் பயன்பாடு தாறுமாறாக உயர்ந்தது. மலேசியக் கையுறைத் தொழிலும் அதோடு உயர்ந்தது. கூடவே தாதியர், மருத்துவர்கள் பலருக்கு இந்த ஒவ்வாமை வந்தது. கையுறைக்குள் தூவும் மாவுத்தூளில் புரதம் ஒட்டிக்கொண்டு காற்றில் பறந்ததும் ஒரு காரணம். புரதம் குறைந்த கையுறைகளை உருவாக்க நம் நாட்டு ரப்பர் ஆய்வாளர்களும் உழைத்தார்கள். தூள் போட்ட மருத்துவக் கையுறைகளை அமெரிக்கா 2017 ஜனவரியில் தடைசெய்தது. இன்று நீங்கள் கிளினிக்கில் பார்க்கும் நீல நிறக் கையுறை பெரும்பாலும் நைட்ரில், மரத்துப் பாலே இல்லாதது.

இவ்வளவும் எனக்குத் தெரியும். தெரிந்தும் அன்று நான் சோதனை செய்யவில்லை. முழங்கையின் உட்பக்கத்தில் ஒரு சொட்டு பூசி ஒரு நாள் விட்டுப் பார்க்க வேண்டும், அவ்வளவுதான். பாட்டி கை இருபத்தெட்டு வருடம் பாலில் ஊறியும் ஒன்றும் ஆகவில்லையே, நமக்கு என்ன ஆகப்போகிறது என்ற நினைப்பு. அந்தப் பையனுக்குத் தடிப்போடு போனது அவன் அதிர்ஷ்டம். உதடு, நாக்கு வீங்கினாலோ மூச்சு இழுத்தாலோ அது உயிர்ப் பிரச்சினை. கிளினிக்கைத் தேடிக்கொண்டிருக்காமல் 999ஐ அழைக்க வேண்டும்.

பிள்ளைக்குப் பள்ளி நாடகம், கலைவிழா என்று யாராவது ஒப்பனை போட வந்தால் முதல்நாளே கேளுங்கள்: பலூன், கையுறை, ரப்பர் பொம்மை எதிலாவது அரித்ததுண்டா? வாழைப்பழம், அவகாடோ, கிவி சாப்பிட்டால் வாய் நமைக்குமா? இந்தப் பழங்களின் புரதம் ரப்பர் புரதத்துக்கு உறவுக்காரன், ஒன்று ஒத்துக்கொள்ளாதவருக்கு மற்றதும் ஒத்துக்கொள்ளாமல் போகலாம். ஆஸ்துமா உள்ள பிள்ளையென்றால் அம்மோனியா நெடியே தொல்லை தரும். சன்னல் திறந்திருக்க வேண்டும், கண் பக்கம் கொண்டே போகக்கூடாது.

அந்தப் பையனுக்கு என்ன செய்தோம்? மறுவாரம் வாசலினையும் மாவையும் பிசைந்து, கொஞ்சம் கோக்கோத்தூள் சேர்த்து காயம் செய்தோம். ஜெலட்டின் இன்னும் நன்றாக வரும், பலரும் அதைத்தான் சொல்வார்கள். ஆனால் அது மாட்டிலிருந்தா பன்றியிலிருந்தா என்று கேட்காமல் நம் ஊரில் யார் முகத்திலும் பூச முடியாது. எங்கள் குழுவில் ஒரு மலாய்க்காரப் பையனும் இருந்தான், இரண்டு சைவ வீட்டுப் பிள்ளைகளும் இருந்தார்கள். மாவு யாருக்கும் பகையில்லை. விளக்கு வெளிச்சத்தில் நான்காவது வரிசைக்கு மேல் ஒருவருக்கும் வித்தியாசம் தெரியவில்லை. நாடகத்தில் அவன் விழுந்ததும் ஓர் அம்மா எழுந்தே நின்றுவிட்டார்.

நாடகம் முடிந்து மற்ற இருவரின் காயங்களை வெந்நீரும் சோப்பும் போட்டு மெதுவாகக் கழற்றினேன். பாட்டி அந்த ரப்பர் தோல்களைக் குப்பையில் போட விடவில்லை. மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாக நீட்டி, ஒன்றின்மேல் ஒன்றாகச் சுற்ற ஆரம்பித்தார். அந்தக் காலத்தில் லயத்துப் பிள்ளைகள் மங்கில் காய்ந்த ஒட்டுப்பாலை உரித்து இப்படித்தான் பந்து செய்வார்களாம். கிராணி பார்த்தால் திட்டு விழும், ஒட்டுப்பாலும் நிறுவைக்குப் போக வேண்டிய சரக்கு.

நெல்லிக்காய் அளவில் ஒரு பந்து வந்தது. ஒரு பக்கம் சிவப்பும் காப்பித்தூளும் ஒட்டியிருந்தது. பாட்டி அதைச் சிமெண்டுத் தரையில் அடித்தார். நன்றாகவே குதித்தது.

"அமெரிக்காக்காரன் பாலு மோசமில்ல" என்றார்.